என் சட்டைப் பையில் இருந்த தந்தி

போன மாதம் நம் சங்கத்து ஆண்டு விழாவில் மேடையில் பேசிய ஒருவர் நைனாவின் கதையைச் சொன்னார். புரொடக்‌ஷன் மேனேஜர் வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் நீங்கள் எல்லோரும் முன்வரிசையில் உட்கார்ந்து கைதட்டினீர்கள். ஒரு பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டதைக்கூடப் பார்த்தேன். அவர் சொன்னது இதுதான். கார்வேட்டிநகரம் அரண்மனையில் படப்பிடிப்பு. சித்தூரில் அக்கா சாகக் கிடக்கிறாள் என்று நைனாவுக்குத் தந்தி வருகிறது. படித்துவிட்டு மடித்து வைக்கிறார். 'ஒப்புக்கொண்ட வேலை முதலில்' என்று சொல்லி, மிச்சக் காட்சியை நடித்துக் கொடுத்துவிட்டுத்தான் ஊருக்குப் புறப்படுகிறார். என்ன தொழில் பக்தி, பாருங்கள் என்றார் பேச்சாளர்.

நானும் தட்டினேன். இத்தனை வருஷப் பழக்கத்தில் கை தானாகத் தட்டிவிட்டது. வீட்டுக்கு வந்து சாப்பிட உட்கார்ந்தால் சோறு இறங்கவில்லை.

நைனா அந்தத் தந்தியைப் படிக்கவில்லை. தந்தி வந்ததே அவருக்குத் தெரியாது. சாயங்காலம் நாலரை மணி வரைக்கும் அது என் சட்டைப் பையில் இருந்தது.

இதை உங்களுக்கு எழுத வேண்டியது என் கடமை. ஏனென்றால் ஷாட் ஆரம்பிக்கும் முன் ஆர்ட்டிஸ்டுகளின் போனை வாங்கி உங்கள் பையில் போட்டுக்கொள்கிறீர்கள். அது உங்கள் வேலையில் ஒரு பகுதி. அந்தப் போன் என்றைக்காவது அடிக்கும்.

முதலில் நைனா யார் என்று சொல்லிவிடுகிறேன். உங்களுக்கு அவர் சுவரில் மாட்டிய ஒரு படம். எங்களுக்கு அவர் பேசும்படம் என்ற ஒன்று வந்த நாளிலிருந்து இருந்த மனிதர். சித்தூர்க்காரர். வீட்டில் தமிழும் தெலுங்கும் கலந்து பேசி வளர்ந்தவர். நாடகத்திலிருந்து சினிமாவுக்கு வந்த மற்றவர்கள் கடைசி வரிசைக்குக் கேட்கிற மாதிரி மைக்குக்கு முன்னாலும் கத்திக்கொண்டிருந்தபோது, முதன்முதலாக மெதுவாகப் பேசியவர் அவர்தான். அன்றைக்கு ஒலிப்பதிவாளர் மெஷின் கெட்டுவிட்டது என்று பயந்து ஓடிவந்தாராம். வாத்தியக்காரர்கள் மரத்துக்குப் பின்னால் ஒளிந்து வாசிக்க, நடித்துக்கொண்டே சொந்தக் குரலில் பாடியவர். ஒரு பக்தர் வேடம் போட்டார். அந்தப் படம் ஓடிய கொட்டகைகளில் ஜனங்கள் செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் உள்ளே போனார்கள். அதற்குப் பிறகு யாருமே அவரை நடிகராகப் பார்க்கவில்லை. யூனிட்டில் டைரக்டரிலிருந்து விளக்குத் தூக்குகிறவர் வரை எல்லோருக்கும் அவர் 'நைனா'தான். எங்கள் பக்கத்தில் தமிழனும் தெலுங்கனும் அப்பாவைக் கூப்பிடுகிற சொல் அது.

மனைவி சின்ன வயதிலேயே போய்விட்டார். பிள்ளை இல்லை. உலகத்தில் அவருக்கென்று இருந்தது அக்கா ஒருத்திதான். சின்னப் பையனாக அவர் நாடகம் பார்க்கவும் நடிக்கவும் ஓடிய காலத்தில், 'அவனுக்குக் கதவைத் திறக்காதே' என்று அப்பா உத்தரவு போட்டுவிட்டுப் படுப்பாராம். வாசல் கதவை அப்பா கண்ணெதிரே தாழ் போட்டுவிட்டு, கொல்லைக் கதவைத் தாழ் போடாமல் விட்டு வைப்பாளாம் அக்கா. இந்தக் கதையைச் சாப்பாட்டு நேரத்தில் குறைந்தது நூறு தடவை எங்களுக்குச் சொல்லியிருப்பார்.

"அந்தக் கொல்லைக் கதவு இல்லன்னா நான் இன்னிக்கு எங்கியோ கணக்குப்பிள்ளையா இருந்திருப்பேன். எங்க அக்கா ஒண்ணே ஒண்ணுதான் கேட்டுக்கீது. கடைசித் தண்ணி உன் கையால ஊத்துடான்னு. அத மட்டும் நான் தவற உடக் கூடாதுப்பா" என்பார்.

இது எனக்குத் தெரியும். நூறு தடவை கேட்டவன் நான். இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

நான் நகரிக்காரன். எங்கள் வீட்டில் எல்லோரும் தறி போட்டவர்கள். எனக்கு மட்டும் இரண்டு பாஷையும் எழுதப் படிக்க வந்ததால் சினிமாக் கம்பெனியில் வேலை கிடைத்தது. அந்த நாளில் ஒரே படத்தைத் தெலுங்கிலும் தமிழிலும் ஒன்றாக எடுப்பார்கள். அதே செட், அதே உடுப்பு. முதலில் தெலுங்கு டேக், அது ஓகே ஆனதும் தமிழ் டேக். ராஜா காலையில் தெலுங்கில் செத்தால் மத்தியானம் தமிழில் இன்னொரு தடவை சாகவேண்டும் என்று லைட்பாய்கள் கேலி பண்ணுவார்கள். டேக் மாறும்போது ஓலை, பெயர்ப்பலகை, சுவர் எழுத்து எல்லாவற்றையும் மாற்றுவது என் பொறுப்பு. வெளியூர் போனால் மேனேஜர் வேலையும் எனக்குத்தான்.

தந்தி வந்த அந்தப் படத்திலேயே, அதற்கு முன்னால் சென்னை ஸ்டூடியோவில் ஒருநாள் நான் ஓலையை மாற்ற மறந்துவிட்டேன். தமிழ் டேக் ஆரம்பித்துவிட்டது. கிழ ராஜாவாக நடிக்கும் நைனா ஓலையைப் பிரிக்கிறார். தோளுக்குப் பின்னால் காமிரா. ஓலை முழுக்கத் தெலுங்கு. நைனா சட்டென்று கண்ணைக் கசக்கினார்.

"கண்ணுல தூசு விழுந்துடுச்சு. ஒரு நிமிசம்" என்று டைரக்டரிடம் சொல்லிவிட்டு என் பக்கம் வந்தார். ஓலையை என் கையில் வைத்து, என் காதோடு சொன்னார். "இது தெலுங்கு ராஜாவோடது. தமிழ் ராஜாது எடுத்துக்கினு வா. இன்னாத்துக்கு மூஞ்சி இப்டி வெளுத்துப் போச்சு? காலைல எதுனா துன்னியா இல்லியா?"

ஒருத்தருக்கும் தெரியாமல் காப்பாற்றிவிட்டார். அன்றைக்கு நான் என்ன கற்றிருக்க வேண்டும்? அடுத்த தடவை ஓலையைக் கவனமாகப் பார்க்க வேண்டும் என்று. நான் கற்றது வேறு. நைனாவிடம் தப்புப் பண்ணினால் ஒன்றும் ஆகாது என்று கற்றுக்கொண்டேன். வெட்கத்தை விட்டுத்தான் இதைச் சொல்கிறேன்.

இனி அந்த நாள். ஆந்திர ராஜ்யம் தனியாகப் பிரிந்த பிறகு, எங்கள் பக்கத்து ஊர்கள் யாருக்கு என்ற எல்லைத் தகராறு தீராமல் புகைந்துகொண்டிருந்த சமயம். ஒருநாள் தமிழ்க்காரர்கள் மறியல், மறுநாள் தெலுங்குக்காரர்கள் மறியல். பஸ்ஸில் எழுதியிருக்கும் ஊர்ப்பெயர்மேல் காலையில் ஒருவர் தார் பூசுவார், சாயங்காலம் இன்னொருவர் பூசுவார். நாங்கள் திருப்பதியில் தங்கி, தினமும் கார்வேட்டிநகரம் பழைய அரண்மனைக்குப் போய்ப் படம் எடுத்துக்கொண்டிருந்தோம். அரண்மனையில் எடுக்க அன்று சாயங்காலம் வரைதான் அனுமதி. மறுநாள் சுற்று வட்டாரம் முழுக்கக் கடையடைப்பு. காட்சியை அன்று முடிக்காவிட்டால் திரும்ப எப்போது எடுப்பது என்று யாருக்கும் தெரியாது.

யுத்தத்துக்குப் போகும் மகனைக் கிழ ராஜா வழியனுப்பும் காட்சி அது. காலையில் தெலுங்கு முடிந்தது. மத்தியானம் ஒரு மணி சுமாருக்குத் திருப்பதியிலிருந்து சாப்பாட்டு வேன் வந்தது. வேன் டிரைவர் சித்தூருக்குப் பக்கத்துக் குடிபாலாக்காரர், வாய் ஓயாமல் பேசுகிற மனிதர். சாம்பார் அண்டாவை இறக்கிவிட்டு, சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து என்னிடம் கொடுத்தார்.

"லாட்ஜுக்கு வந்துச்சாம் நைனாவுக்கு. தந்தி. குடுத்துடுப்பா" என்றார்.

பிரித்தேன். அக்கா நிலைமை மோசம், உடனே புறப்படவும் என்று இருந்தது.

அந்தக் காலத்தில் எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் இருந்தது. வெளியூர்ப் படப்பிடிப்பில் நடிகருக்கு வரும் தந்தி முதலில் மேனேஜர் கைக்கு வரும். நல்ல செய்தி என்றால் உடனே கொடுப்பது. கெட்ட செய்தி என்றால் அன்றைய வேலை முடிந்து பேக்கப் ஆன பிறகு கொடுப்பது. யார் ஆரம்பித்த வழக்கமோ தெரியாது, யாரும் அதைத் தப்பு என்று நினைத்ததில்லை. நான் கணக்குப் போட்டேன். தமிழில் மூன்றே ஷாட். இரண்டரைக்கு முடிந்துவிடும். சித்தூர் இரண்டு மணி நேர ஓட்டம்தான்.

அந்த இடத்தில் நின்றுகொண்டு இன்னொன்றும் நினைத்தேன். அதை நான் இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. அந்தப் படத்தின் கதாநாயகன் பெரிய கோபக்காரர். அவருக்கு இந்தத் தந்தி வந்திருந்தால், வழக்கமாவது ஒன்றாவது, வாயில் சோற்றோடு ஓடிப்போய்க் கொடுத்திருப்பேன். பிறகு தெரிந்தால் தோலை உரித்துவிடுவார். இது நைனா. நல்லவர். பொறுத்துக்கொள்வார். தந்தியை மடித்துப் பையில் வைத்தேன்.

முதல் தமிழ் ஷாட் நன்றாக வந்தது. அடுத்தது ஆரம்பிக்கும்போது மேகம் வந்து சூரியனை மூடிக்கொண்டது. வெயிலில் எடுத்த ஷாட்டோடு இது ஒட்டாது. காத்திருந்தோம். நைனா அரண்மனைக் குளத்துப் படியில் உட்கார்ந்து, ஒட்டுத்தாடிக்கு மேலே விசிறிக்கொண்டு, லைட்பாய்களுக்குப் பழைய நாடகக் கதை சொல்லிக்கொண்டிருந்தார். சிரிப்புச் சத்தம் கேட்டது. நான் தூணோரம் நின்று வானத்தைப் பார்த்தேன். இரண்டரை ஆனது. மூன்று ஆனது.

அப்போதாவது கொடுத்திருக்கலாமே என்று கேட்பீர்கள். இரண்டு தடவை அவர் பக்கம் நடந்தேன். ஆனால் இப்போது கொடுத்தால், ஒரு மணிக்கே ஏன் கொடுக்கவில்லை என்று கேட்பாரே. ஒரு தப்பைத் தள்ளிப்போட்டால் அது சும்மா இருக்காது, வளரும். ஒரு மணிக்குச் சுலபமாக இருந்தது, மூன்று மணிக்கு என்னால் முடியாததாக ஆகிவிட்டது.

நாலு மணிக்கு வெயில் வந்தது. மகனைக் கட்டிக்கொண்டு, 'நீ திரும்பி வரும்வரை இந்தக் கதவு திறந்திருக்கும்' என்று நைனா வசனம் சொன்னார். உயிரை உலுக்கும் குரல். எல்லோரும் மூக்கை உறிஞ்சினார்கள். நான் சட்டைப் பையைக் கையால் பொத்திக்கொண்டேன். நாலரைக்குப் பேக்கப் சொன்னார்கள்.

தந்தியைக் கொடுத்தேன். தாடியோடு நின்றபடியே படித்தார்.

"எப்போ வந்துச்சு?"

"இப்பத்தான் நைனா."

ஆமாம், பொய்யும் சொன்னேன். அவர் நம்பினார். நம்பாமல் இருக்க அவருக்குக் காரணம் இல்லையே.

கம்பெனிக் கார் கதாநாயகியை ஏற்றிக்கொண்டு அப்போதுதான் திருப்பதிக்குப் போயிருந்தது. இருந்தது சாப்பாட்டு வேன் மட்டும்தான். தாடியைப் பிய்க்கக்கூட அவர் நிற்கவில்லை. ராஜ அங்கியோடு முன்சீட்டில் ஏறி டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்தார். அவருக்கு இந்தப் பக்கம் நான். பின்னால் காலி அண்டாக்கள் ஒவ்வொரு பள்ளத்திலும் கடகடவென்று உருண்டன. நைனா ஒரே ஒரு பேச்சுத்தான் பேசினார். "அக்கா தாங்கும். நான் வர்ற வரைக்கும் தாங்கும். கொஞ்சம் வேகமா போப்பா."

பாதி வழியில் ரோட்டின் குறுக்கே பெரிய புளியமரக் கிளையை வெட்டிப் போட்டிருந்தார்கள். அந்தப் பக்கம் நூறு பேர் இருக்கும். எல்லை மறியல். எல்லோரும் தமிழ் விவசாயிகள். ஒருவர் கையில் தார் டப்பா. வேனை நிறுத்தி, நீங்கள் எந்தப் பக்கத்து ஆள் என்று கேட்க வந்தவர்கள், உள்ளே பார்த்ததும் அப்படியே நின்றார்கள். பக்தர் வேடத்தில் பார்த்த அதே முகம். தார் டப்பாக்காரர் டப்பாவைக் கீழே வைத்துவிட்டுக் கும்பிட்டார். பின்னால் இருந்தவர்கள் முண்டியடித்துக்கொண்டு வந்தார்கள்.

"நைனா, நீங்களே ஒரு வார்த்த சொல்லிட்டுப் போங்க, சித்தூர் நம்மளுதுன்னு" என்றார் ஒரு பெரியவர்.

நைனா கைகூப்பினார். "எங்க அக்கா சாவக் கெடக்குதுப்பா. வழி உடுங்க. உங்களுக்குக் கோடிப் புண்ணியம்."

கூட்டம் பதறிப்போய்க் கிளையை இழுக்க ஓடியது. அப்போதுதான் நம் டிரைவருக்கு வாய் சும்மா இருக்கவில்லை. ஜன்னல் வழியாகத் தலையை நீட்டிப் பெருமையாகச் சொன்னார்.

"உங்களுக்கு இன்னாய்யா தெரியும் இந்த மனுசனப் பத்தி? தந்தி மத்தியானமே வந்துச்சு. நான்தான் சோத்து வண்டில கொண்டாந்தேன். படிச்சிட்டும் வேலைய முடிச்சுக் குடுத்துட்டுத்தான் போய்க்கினு கீறாரு. வேற யாருக்கு வரும் இந்த மனசு?"

"சாமி!" என்று ஒரு குரல் கிளம்பியது. நாலைந்து பேர் ரோட்டிலேயே விழுந்து கும்பிட்டார்கள். அந்த மனிதர் பாவம், புகழ்வதாகத்தான் நினைத்தார்.

நைனா மெதுவாக என் பக்கம் திரும்பினார். கூட்டம் கும்பிட்டுக்கொண்டிருக்கிறது. அவர் முகத்தில் ராஜாவின் தாடி. அதற்கு மேலே இரண்டு கண்கள் என்னைப் பார்க்கின்றன. அடித்துவிடுவார் என்று நினைத்தேன். அடித்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன். ஒரு வார்த்தை அவர் சொல்லியிருந்தால் அந்தக் கூட்டம் என்னை அங்கேயே முடித்திருக்கும். அவர் கூட்டத்தைப் பார்த்துத் திரும்பவும் கும்பிட்டார், அவ்வளவுதான். வேன் நகர்ந்தது.

கொஞ்ச தூரம் போனதும் என்னால் தாங்க முடியவில்லை. அழுதுவிட்டேன். "நைனா, மூணு ஷாட்டுதானேன்னு நெனச்சேன். மேகம் வரும்னு தெரியாது. நீங்க நல்லவரு, பொறுத்துக்குவீங்கன்னு..."

"அதுக்காடா?" என்றார்.

எனக்குப் புரியவில்லை.

"நான் நல்லவனா இருந்தது இதுக்கா? நான் கெட்டவனா இருந்திருந்தா ஒரு மணிக்கே தந்தி என் கைக்கு வந்திருக்கும். இல்ல?"

பதில் 'ஆமாம்' என்பது இரண்டு பேருக்கும் தெரிந்திருந்தது. டிரைவருக்கு அப்போதுதான் விஷயம் விளங்கியது. சித்தூர் வரைக்கும் அண்டாச் சத்தம்தான்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது வீட்டு வாசலில் ஆட்கள் நின்றார்கள். அவர்கள் நின்ற விதத்திலேயே தெரிந்துவிட்டது. பக்கத்து வீட்டு அம்மா ஓடிவந்து நைனாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இப்பத்தான் சாமி, வெளக்கு வைக்கறதுக்குக் கொஞ்சம் முன்ன. மூணு மணிக்கெல்லாம் நல்லா பேசிக்கினுதான் இருந்தாங்க. தண்ணி குடுத்தோம், வாணான்னுட்டாங்க. அவன் வரட்டும்னாங்க. கொல்லக் கதவத் தாப்பா போடாதீங்கன்னு சொல்லிக்கினே இருந்தாங்க."

இதைக் கேட்டதும் நைனா வாசல் வழியாக உள்ளே போகவில்லை. ராஜ அங்கியோடு வீட்டைச் சுற்றிக் கொல்லைப் பக்கம் நடந்தார். நான் பின்னாலேயே போனேன். கதவு திறந்துதான் இருந்தது. உள்ளே போய் அக்காவின் தலைமாட்டில் உட்கார்ந்தார். அவள் வேண்டாம் என்று சொன்ன தண்ணீர்ச் சொம்பு அங்கேயே இருந்தது. அதை எடுத்து, உள்ளங்கையில் ஊற்றி, மூடிய உதட்டில் விட்டார். தண்ணீர் உள்ளே போகவில்லை. கன்னத்தில் வழிந்து பாயில் இறங்கியது. அவர் திரும்பத் திரும்ப விட்டுக்கொண்டே இருந்தார். சொம்பு காலியாகும்வரை யாரும் தடுக்கவில்லை.

எனக்கு இன்றுவரை அந்த அதிர்ச்சி போகவில்லை. ஒரு மணிக்குப் புறப்பட்டிருந்தால் மூன்றரைக்குள் அந்தக் கொல்லைக் கதவு வழியாக உள்ளே வந்திருப்பார். அக்கா பேசிக்கொண்டிருந்த நேரம் அது.

டிரைவர் ரோட்டில் சொன்ன கதையை அந்த நூறு பேர் ஊர் ஊராகக் கொண்டுபோனார்கள். பத்திரிகையில் வந்தது. பிறகு மேடைக்கு வந்தது. ஒரு நிருபர் மேக்கப் அறைக்கே வந்து கேட்டபோது நான் பக்கத்தில் நின்றிருந்தேன். நைனா, "அதெல்லாம் இப்ப எதுக்குப்பா" என்றதோடு சரி. உண்மையைச் சொல்லியிருந்தால் ஒரு கம்பெனியும் என்னைச் சேர்த்திருக்காது. நாற்பது வருஷம் நான் சாப்பிட்ட சோறு அந்த ஒரு மௌனத்தில் வந்தது. இன்று அவருக்குப் புகழ் சேர்ப்பதாக நினைத்து நீங்கள் கைதட்டுகிறீர்கள். அக்காவைவிட ஷாட் பெரிது என்று நினைக்கிற மனிதர் இல்லை அவர். அப்படி ஒரு பெயரை அவர் தலையில் கட்டியது நான்.

ஆகவே பிள்ளைகளே, போன் அடித்தால் கொண்டுபோய்க் கொடுங்கள். ஷாட் நடுவில் என்றாலும் கொடுங்கள், டைரக்டர் கத்தினால் கத்தட்டும். ஒருவரிடம் ஒன்றை மறைக்கலாம் என்று தோன்றினால், இதே செய்தி நீங்கள் பயப்படுகிற ஆளுக்கு வந்திருந்தால் மறைப்பீர்களா என்று உங்களையே கேளுங்கள். யூனிட்டில் கோபக்காரர்களை எல்லோரும் பத்திரமாகப் பார்த்துக்கொள்வார்கள். நல்லவர்களைப் பார்த்துக்கொள்ள உங்களைத் தவிர ஆள் இல்லை.

அக்காவின் காரியமெல்லாம் முடிந்து, நைனா சென்னை ஸ்டூடியோவுக்குத் திரும்பி வந்த முதல் நாள் காலையில், அவர் கண்ணில் படாமல் செட்டுக்குப் பின்னால் நின்றிருந்தேன். ஆள் விட்டுக் கூப்பிட்டார். போனேன். மேக்கப் நாற்காலி பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார், உட்காரவில்லை.

"எனக்குத் தந்தி எதுனா வந்துச்சா?" என்று கேட்டார். குரலில் கோபம் இல்லை.

"இல்ல நைனா."

"சரி" என்று உட்கார்ந்தார்.

மறுநாளும் கேட்டார். அதற்கு அடுத்த நாளும். பிறகு எத்தனையோ படங்கள், எத்தனையோ ஊர்கள். நான் மேனேஜராக இருந்த ஒவ்வொரு படப்பிடிப்பிலும், நாற்காலியில் உட்காரும் முன் இதைக் கேட்டுவிட்டுத்தான் உட்காருவார். பெரியவருக்கு ஏதோ ஒரு வழக்கம் என்று மற்றவர்கள் நினைத்தார்கள். அவருக்குத் தந்தி கொடுக்க இந்த உலகத்தில் ஒருவரும் மிச்சமில்லை என்பது எனக்குத் தெரியும். அவருக்கும் தெரியும்.

கடைசிப் படத்தின்போது அவருக்குத் தொண்டை போய்விட்டது. மைக்குக்கு முன்னால் முதன்முதலாக மெதுவாகப் பேசிய அந்தக் குரல் வெளியே வரவே இல்லை. வசனம் இல்லாத வேடம் கொடுத்திருந்தார்கள். காலையில் நாற்காலி பக்கத்தில் நின்று, என்னைப் பார்த்து, வெறும் கையை நீட்டினார்.

"இல்ல நைனா" என்றேன்.

கையை மடக்கிக்கொண்டு உட்கார்ந்தார்.